38.4 மில்லிமீற்றர்

இரவு ஒன்றேகாலுக்கு எழும்பி, சிக்காகோவில் எத்தனை பாகை வெயில் என்று பார்க்கும் மனிதனைப் பற்றி அவன் மனைவி என்ன நினைப்பாள் என்று நீங்கள் கேட்கலாம். என் மனைவி ஒன்றும் நினைக்கவில்லை. "பிளாஸ்கில் கொஞ்சம்தான் சுடுதண்ணீர் இருக்கிறது, முடித்தால் நிரப்பி வையுங்கள்" என்று சொல்லிவிட்டுக் கம்பளியைத் தலைக்கு மேல் இழுத்துக்கொண்டாள். வெளியே ஜூன் மாதத்துப் பருவமழை தகரக்கூரையைப் போட்டு உலுக்கிக்கொண்டிருந்தது. வெயிலைக் கண்டு நான்கு நாளான, இலங்கை மலையகத்து ஹற்றனில், தலையில் மப்ளர் கட்டிக்கொண்டு, உலகத்தின் மறுபக்கத்தில் அடிக்கும் வெயிலை ஐந்து நிமிடத்துக்கு ஒரு தடவை எண்ணிக்கொண்டிருந்தேன்.

விடியும்போது 124 டொலர் போயிருந்தது. அப்போதைய மதிப்பில் ஏறக்குறைய 37,000 ரூபாய். தேயிலைத் தோட்டத்தில் அந்த நேரம் நாட்சம்பளம் 1,350 ரூபாய். ஓர் ஆள் இருபத்தேழு நாள் பிரட்டுக்கு, அதாவது காலையில் ஆள் கணக்கெடுத்து வேலை பிரிக்கும் இடத்துக்குப் போய், இருபத்தேழும் முழுப்பேராக, முழு நாள் சம்பளமாக, விழுந்தாலும் அந்தத் தொகை வராது. எங்கள் குடும்பத்தில் எந்தப் பணமும் கடைசியில் பேர்க்கணக்கில் வந்துதான் நிற்கும், அதனால் சொன்னேன். ஆனால் என்னை இன்றுவரை அரித்துக்கொண்டிருப்பது அந்தத் தொகை அல்ல. அது போன விதம். அந்த விதம் கிளறிவிட்ட, பதினொரு வயதில் நான் செய்த ஒரு காரியம்.

மச்சானின் பணம், என் வானம்

மச்சான் கொட்டகலைக்காரன், இப்போது இருப்பது நியூ ஜெர்சியில். அமெரிக்காவில் கல்ஷி, பொலிமார்க்கெட் என்று இப்படியான சந்தைகள் சில இருக்கின்றன. அவன் எதில் கணக்கு வைத்திருந்தான் என்பது இங்கே தேவையில்லை. தேர்தலில் யார் வெல்வார், வட்டி வீதம் குறையுமா, எதற்கும் 'ஆம்' என்றோ 'இல்லை' என்றோ சீட்டு வாங்கலாம். சொன்னது நடந்தால் சீட்டுக்கு ஒரு டொலர், நடக்காவிட்டால் பூச்சியம். ஆகவே ஒரு சீட்டு 35 சதத்துக்கு விலைபோகிறது என்றால், இது நடக்க நூற்றுக்கு முப்பத்தைந்து வாய்ப்பு இருக்கிறது என்று அங்கே கூடியிருப்பவர்கள் நினைக்கிறார்கள் என்று பொருள். நிகழ்தகவு படிப்பித்து வயிறு வளர்ப்பவனிடம் இதைவிட இனிப்பான பண்டத்தைக் காட்ட முடியாது. அதிலும் மச்சான் காட்டியது தினசரி உச்ச வெப்பநிலை. நியூயோர்க், சிக்காகோ, மயாமி என்று நகருக்கு நகர், அன்றைய உச்சம் எவ்வளவாக இருக்கும் என்பதை இரண்டிரண்டு பாகையாக வெட்டி விற்பார்கள்: 77–78, 79–80, 81–82. எல்லாம் பாரன்ஹீட். "நீ தோட்டத்தில் வானம் பார்த்து வளர்ந்தவன், கணக்கு மாஸ்டர் வேறு. நீ பார்த்துச் சொல், நான் போடுகிறேன். லாபத்தில் பாதி" என்றான் மச்சான்.

எங்கள் பெரியப்பா ஒருவர், சாகும்வரை டவுனில் புக்கிக் கடையில் இங்கிலாந்துக் குதிரைகளுக்குப் பணம் கட்டியவர். அதில் ஒரு குதிரையையும் அவர் கண்டதில்லை. ஏப்ரலில் நுவரெலியாவில் ஓடும் குதிரைகளைக்கூடப் பார்க்கப் போகமாட்டார். பெயர் வாய்க்கு நன்றாக இருந்தால் கட்டுவார், அவ்வளவுதான். அவரைப் பார்த்துச் சிரித்த வீடு எங்களுடையது. நான் செய்யப்போவது அதுவல்ல என்று எனக்கு நானே விளக்கம் சொல்லிக்கொண்டேன். குதிரைக்கு மனம் இருக்கிறது, வெயிலுக்கு விதி இருக்கிறது என்று. நல்ல வசனம்தான். எழுதி ஒட்டி வைத்திருக்கலாம்.

நம் மலையில் இப்படி ஒரு சந்தை வைத்தால் ஈயும் எட்டிப் பார்க்காது. 1,868 மீற்றர் உயரத்தில் இருக்கும் நுவரெலியாவில் பகல் உச்சம் ஆண்டு முழுவதும் இருபது செல்சியஸைச் சுற்றியே ஆடிக்கொண்டிருக்கும். ஜனவரி, பெப்ரவரியில் உறைபனி விழுந்து கொழுந்து கருகும்போது அதிகாலைக் குளிரைப் பற்றிப் பேசுவோம். மற்றக் காலமெல்லாம் மழையைத் தவிர வேறு பேச்சில்லை. சிக்காகோவில் அப்படி இல்லை, பக்கத்திலேயே மிச்சிகன் ஏரி கிடக்கிறது. வசந்தத்திலும் கோடையின் தொடக்கத்திலும் நிலம் சுட்டுக் கிடக்க ஏரி மட்டும் குளிர்ந்திருக்கும். பிற்பகலில் ஏரிக்காற்று ஊருக்குள் புகுந்துவிட்டால் கொஞ்ச நேரத்தில் பத்துப் பாகைக்கு மேல் இறங்கிவிடும். எனக்கு இது பழகிய காட்சி. பதினொரு மணிக்குச் சுள்ளென்று அடித்துக்கொண்டிருக்கும் வெயிலில், பள்ளத்திலிருந்து மூட்டம் மலையேறி வரும். கொழுந்து எடுக்கிற பெண்கள் நிமிர்ந்து பார்க்கமாட்டார்கள். முதுகில் குளிர் பட்டதுமே கம்பளியை இழுத்துத் தலையில் போடுவார்கள். இந்த மலையில் மழையும் அடுத்த மலையில் வெயிலுமாக இருப்பதைப் பார்த்து வளர்ந்தவனுக்கு, ஏரிக்காற்று எத்தனை மணிக்கு எந்த இடத்தைத் தொடும் என்று ஊகிப்பது பெரிய வித்தையாகப் படவில்லை. முதல் இரண்டு மாதம் அது பலிக்கவும் செய்தது. அதுதான் கெட்டது.

சீட்டில் சிக்காகோ என்று இருந்தாலும், நாங்கள் வாங்கிய சீட்டுகளில் தீர்ப்புச் சொல்வது மிட்வே விமான நிலையத்துக் கருவி. நகரத்தின் அதிகாரபூர்வப் பதிவோ 1980 முதல் ஓஹேர் விமான நிலையத்தில் எடுக்கப்படுகிறது. ஓஹேரின் உச்சத்தைச் செய்தியில் கேட்டுவிட்டு மிட்வேக்குப் பணம் கட்டுகிறவர்கள் இருக்கத்தான் செய்வார்கள். எங்கள் முதல் நாற்பது டொலர் அவர்களிடமிருந்து வந்திருக்க வேண்டும்.

பழைய நேரம்

நாள் எப்போது தொடங்கி எப்போது முடிகிறது என்பதிலும் ஒரு முடிச்சு இருக்கிறது. அமெரிக்காவில் கோடைக்கு மணிக்கூட்டை ஒரு மணி நேரம் முன்னே தள்ளுவார்கள். ஆனால் அமெரிக்க தேசிய வானிலைச் சேவையின் தினசரி அறிக்கை, சந்தை தீர்ப்புக்கு எடுத்துக்கொள்ளும் அதே அறிக்கை, அந்த மாற்றத்தைக் கண்டுகொள்வதில்லை. அதற்கு நாள் மாறுவது எப்போதும் பழைய நேரத்து நள்ளிரவில். கோடையில் ஊர் மணிக்கூடு அப்போது ஒன்று காட்டும். சிக்காகோவின் நாள் நமக்கு வருடம் முழுவதும் முற்பகல் 11.30க்குத்தான் புரளும். இதை முதன்முதலில் வாசித்தபோது நான் வாய்விட்டுச் சிரித்தேன். என் அப்பா இதைத்தானே செய்தார்!

அப்பாவுக்கு மஸ்கெலியாப் பக்கம் ஒரு தோட்டத்து ஆபீசில் வேலை. தபால் எடுப்பது, கொழுந்துக் கணக்கைத் துரையின் மேசைக்குக் கொண்டுபோவது என்று பல சில்லறை வேலைகளுக்கு நடுவே மழை அளப்பதும் அவர் பொறுப்பு. காலை எட்டரைக்கு அளக்க வேண்டும். 1996இல் மழை பொய்த்து, நீர்த்தேக்கங்கள் வற்றி, மின்சாரம் போதாமல் போனபோது, மே மாதம் நாட்டின் நேரத்தை ஒரு மணி நேரம் முன்னே தள்ளினார்கள். ஒக்டோபரில் அரை மணி நேரம் பின்னே இழுத்தார்கள். 2006 ஏப்ரலில்தான் பழைய நேரம் திரும்பி வந்தது. மழை பெய்யாததால் மணிக்கூடே மாறிப்போன நாடு இது. அந்தப் பத்து வருடமும் அப்பா பழைய எட்டரைக்குத்தான் மழை அளந்தார். ஆபீஸ் மணிக்கூடு ஒன்பது அடிக்கும்போது கதவைத் திறந்துகொண்டு பின்பக்கம் போவார். பெரிய கிளாக்கர் சத்தம் போட்டுப் பார்த்துவிட்டு விட்டுவிட்டார். "மழைக்குப் புது நேரம் தெரியாது" என்பதுதான் அப்பாவின் ஒரே பதில்.

மழைமானியை வீட்டில் மழைப் போத்தல் என்போம். ஆபீசுக்குப் பின்னால், புல்லை ஒட்ட வெட்டிய ஒரு சதுரத்தில், செம்பு உருளை ஒன்று பாதி புதைந்து நிற்கும். மேலே புனல், உள்ளே போத்தல். விழுந்த தண்ணீரை ஒல்லியான கண்ணாடிக் குழாயில் ஊற்றிக் கண்ணுக்கு நேரே பிடிக்க வேண்டும். ஓரத்தில் தண்ணீர் கண்ணாடியைப் பற்றிக் கொஞ்சம் ஏறி நிற்கும், நடுவில் குழிந்திருக்கும். வாசிக்க வேண்டியது குழியின் அடியை. அப்பா அதற்காக ஈரப் புல்லில் ஒரு முழங்காலை ஊன்றுவார், இடது கண்ணை மூடுவார், மூச்சைப் பிடித்துக்கொள்வார். மாரியம்மன் சந்நிதியில்கூட அவர் அவ்வளவு அசையாமல் நின்று நான் பார்த்ததில்லை. பிறகு காதில் செருகிய பென்சிலை எடுத்துச் சின்னக் கொப்பியில் குறித்துக்கொண்டு, ஆபீசுக்குள் போய்ப் பெரிய புத்தகத்தில் பேனாவால் எழுதுவார்.

1997 ஜூனில் அப்பாவுக்குக் காய்ச்சல். இரண்டு கம்பளிக்குள் நடுங்கிக்கொண்டே என்னை அனுப்பினார். எத்தனையோ தடவை பக்கத்தில் நின்று பார்த்த வேலை. மழை சற்று விட்டிருந்தது. புனலைக் கழற்றி, போத்தலை இரண்டு கையாலும் தூக்கினேன். நல்ல கனம். குழாயை எடுக்கத் திரும்பியபோது செருப்பு வழுக்கியது. எனக்கு ஒன்றும் ஆகவில்லை, போத்தலும் உடையவில்லை. தண்ணீர் மட்டும் மொத்தமாகப் புல்லில் போய்விட்டது. ஏற்கெனவே நனைந்து கிடந்த புல். எங்கே ஊற்றியது என்றுகூடப் பிறகு தெரியவில்லை. கொஞ்ச நேரம் அங்கேயே நின்றேன். பிறகு உள்ளே போய்ப் பெரிய புத்தகத்தைத் திறந்தேன். முந்திய நாள் 36. அதற்கு முந்திய நாள் 41. நான் 38 என்று எழுதினேன். எழுதிவிட்டுப் பார்த்தால் அந்த 38 என்னைப் பார்த்து முறைப்பது போல இருந்தது. நம்பும்படியாக இருக்கட்டும் என்று ஒரு புள்ளி வைத்து 4 சேர்த்தேன். 38.4. இப்போது அது பார்ப்பதற்கு உண்மையான மழை போலவே இருந்தது.

வீட்டுக்குப் போனதும் "எவ்வளவு?" என்றார் அப்பா. சொன்னேன். "ம்" என்றுவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டார்.

27 என்பது எத்தனை?

இனி அந்த இரவுக்கு வருகிறேன். மிட்வே கருவியின் எண்கள் ஐந்து நிமிடத்துக்கு ஒரு தடவை வெளிவரும். ஒன்றேகாலுக்கு, அதாவது அங்கே பிற்பகல் இரண்டே முக்காலுக்கு, பட்டியலில் 81 மூன்று தடவை வரிசையாக நின்றது. அதற்குப் பிறகு காற்று வடகிழக்குக்குத் திரும்பியது. 79, 75, 72. நான் எதிர்பார்த்துக் காத்திருந்த ஏரிக்காற்று சொன்ன நேரத்துக்கு வந்து சேர்ந்துவிட்டது. இனி ஏறப்போவதில்லை, அன்றைய உச்சம் 81 என்று முடிந்துவிட்டது. ஆனால் 81–82 சீட்டு இன்னும் 62 சதத்தில் கிடந்தது. முடிந்துபோன விஷயத்தை யாரோ 62 சதத்துக்கு விற்றுக்கொண்டிருக்கிறார்கள், பட்டியலைப் பார்க்கத் தெரியாதவர்கள் போலிருக்கிறது என்று நினைத்தேன். மச்சானுக்குச் செய்தி அனுப்பினேன். அவன் இருநூறு வாங்கினான். பிளாஸ்கை நிரப்ப மறந்துவிட்டு நிம்மதியாகப் படுத்தேன்.

ஐந்தரை தாண்டி எழும்பிப் பார்த்தபோது அந்தச் சீட்டு 2 சதம்.

நடந்தது இவ்வளவுதான். கருவி உள்ளே அளந்த உச்சம் 80 பாகை பாரன்ஹீட். அது செல்சியஸில் 26.7. ஐந்து நிமிடப் பட்டியலுக்குப் போகும்போது அது முழு எண்ணாக 27 ஆகிவிடுகிறது. நான் பார்த்துக்கொண்டிருந்த பக்கம் அந்த 27ஐ மறுபடி பாரன்ஹீட்டாக்கிக் காட்டியது: 80.6, அதையும் முழு எண்ணாக்கினால் 81. உண்மையிலேயே 81 அடித்திருந்தாலும் 27.2, பிறகு 27, பிறகு அதே 81தான். இரண்டு வேறு வெயில்கள் ஒரே சட்டையைப் போட்டுக்கொண்டு வந்து நிற்கின்றன. நம் நேரம் ஐந்தரை மணியளவில் ஆறு மணி நேரத்துக்கான உச்சம் தசமத்தோடு வெளிவந்தது. 26.7. அதோடு சரி.

மட்டந்தட்டல், அதாவது எண்ணைக் கிட்டிய முழு எண்ணாக்குவது, படிப்பிக்கும்போது நான் தொண்டை வறளக் கத்துவது ஒன்றே ஒன்றுதான்: இடையில் மட்டந்தட்டாதே, கணக்கை முடித்துவிட்டுக் கடைசியில் மட்டந்தட்டு. இடையில் தட்டிய பிள்ளைகளின் கொப்பியில் எத்தனை சிவப்பு வட்டம் போட்டிருப்பேன்! 62 சதத்துக்கு விற்றவர்களுக்கு இது தெரிந்திருந்தது. 81ஆகவும் இருக்கலாம், 80ஆகவும் இருக்கலாம் என்பதை அந்த விலையே சொல்லிக்கொண்டிருந்தது. நான் அவர்களை முட்டாள்கள் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

ஆனால் இதெல்லாம் பகல் முழுவதும் தேடி வாசித்துப் பிறகு விளங்கிக்கொண்டது. விடியற்காலை ஐந்தரைக்கு என் வாயிலிருந்து முதலில் வந்தது வேறு. மச்சானுக்குக் குரல் செய்தி அனுப்பினேன்: "யாரோ மாற்றி எழுதிவிட்டார்கள்." அனுப்பிவிட்டுத் திரும்ப ஒரு தடவை போட்டுக் கேட்டேன். யாரோ மாற்றி எழுதிவிட்டார்கள். மழை தகரத்தில் விழும் சத்தமும் என் குரலோடு சேர்ந்து பதிவாகியிருந்தது. 38.4 அப்போதுதான் ஞாபகம் வந்தது. இருபத்தெட்டு வருடத்தில் அதை மறந்திருந்தேன் என்று சொல்லமாட்டேன், ஆனால் அது என்னை இப்படிக் கழுத்தில் பிடித்ததில்லை. உலகத்தில் எத்தனையோ பேருக்கு ஓர் அளவை மேல் சந்தேகம் வரலாம், கோபம் வரலாம். எனக்கு அந்த உரிமை உண்டா?

இரண்டு மாதமாக நான் வெயிலுக்குப் பணம் கட்டுவதாகத்தான் நினைத்திருந்தேன். காற்று, ஏரி, மூட்டம் என்று என் கெட்டித்தனம் எல்லாம் அங்கேதான் இருந்தது. அதில் நான் பிழைவிடவும் இல்லை, ஏரிக்காற்று நான் சொன்ன நேரத்துக்கு வந்தது. ஆனால் தோற்றேன். மிட்வேயில் அந்தப் பிற்பகலில் பயணப்பெட்டி இழுத்துக்கொண்டு நடந்த யாருக்கும் 80க்கும் 81க்கும் வித்தியாசம் தெரிந்திருக்காது. அந்த ஒரு பாகை தோலில் இல்லை, பெரிய புத்தகத்தில் மட்டும்தான் இருக்கிறது. பெரிய புத்தகத்தை எனக்குத் தெரியும்.

கல்கத்தாவின் பெரிய பஜாரில் ஒரு காலத்தில் மழைக்குச் சூதாடியிருக்கிறார்கள். எத்தனை மில்லிமீற்றர் என்றெல்லாம் இல்லை. குறிப்பிட்ட ஒரு கூரையின் பீலியிலிருந்து தண்ணீர் வழியுமா வழியாதா என்பதுதான் பந்தயம். கூட்டம் கீழே நின்று அண்ணாந்து பார்த்துக்கொண்டிருக்கும். 1897இல் அதைத் தடுக்க வங்காளத்தில் சட்டமே கொண்டுவந்தார்கள். சூதை நான் மெச்சவில்லை, ஆனால் அந்தப் பீலியின் மேல் எனக்கு ஒரு மரியாதை வந்துவிட்டது. வழிந்தால் எல்லோருக்கும் தெரியும். நடுவில் கொப்பியோடு ஒரு பையன் இல்லை.

வானிலையின் மேல் பணம் வைப்பது எல்லாமே சூது என்று சொல்லிவிடவும் முடியாது. அதே சிக்காகோவில் இருக்கும் பண்டகச் சந்தையில் 1999 முதல் வெப்பநிலைக்கு ஒப்பந்தம் விற்கிறார்கள். குளிர் குறைந்தால் எரிவாயு விற்பனை படுத்துவிடும் கம்பனி, அந்த நட்டத்துக்கு முன்கூட்டியே இங்கே ஈடு தேடிக்கொள்ளும். தோட்டத்தில் அடைமழைக்கு வேலை பாதியில் நின்று அரைப்பேர் விழுகிறதே, அதற்கு ஈடாக யாரும் ஒரு சீட்டு விற்றதாக நான் கேள்விப்படவில்லை. வானத்தை நம்பிப் பணம் வைத்தவர்கள் என்று கணக்கெடுத்தால் என்னைவிட என் அம்மா அதிகம் தோற்றிருப்பாள். அவள் விரும்பி வைத்த பணமும் அல்ல அது.

மச்சான் அதற்குப் பிறகு வேறு யாரையோ பிடித்துக்கொண்டான் என்று நினைக்கிறேன். லாபத்தில் பாதி என்று பேசியிருந்தோம். நட்டத்தைப் பற்றி அன்றும் பேசவில்லை, இன்றுவரை இருவரும் வாய் திறக்கவில்லை.

அம்மாவின் காது

ஓகஸ்ட் விடுமுறையில் மஸ்கெலியா பஸ் பிடித்துப் போனேன். அப்பா தங்கச்சி வீட்டில் இருக்கிறார். எழுபத்துநாலு வயது, கண் கொஞ்சம் மங்கல், ஞாபகம் கத்தி மாதிரி. இஸ்தோப்பில், வீட்டு முன்திண்ணையில், வாங்கு போட்டு உட்கார்ந்திருந்தார். சிக்காகோ கதையை முழுவதும் சொன்னேன், 124 டொலரை மட்டும் கொஞ்சம் குறைத்து. அவர்கள் பழைய நேரத்தில்தான் நாளைக் கணக்கிடுகிறார்கள் என்றதும், "பார்த்தாயா" என்பது போலத் தலையை ஆட்டினார். பிறகு, தொண்டையைச் செருமிக்கொண்டு, காய்ச்சல் நாளைப் பற்றிச் சொன்னேன்.

"முப்பத்தெட்டு புள்ளி நாலு" என்றார் அவர், நான் எண்ணைச் சொல்வதற்கு முன்பே.

எனக்குப் பேச்சு வரவில்லை.

"நம் குழாயில் சின்னக் கோடெல்லாம் எப்போதோ அழிந்துவிட்டதே தம்பி. முழு எண் வாசிக்கலாம், கண் நன்றாக இருந்தால் அரை வாசிக்கலாம். புள்ளி நாலை எங்கே பார்த்தாய்?"

பிறகு ஏன் திருத்தவில்லை என்று கேட்டேன். அவர் பதில் சொல்லாமல் வெற்றிலையை மடித்தார். மடித்து முடித்ததும், "ஞாயிற்றுக்கிழமைகளில் நான் ஆபீசுக்குப் போனதை நீ எப்போதாவது பார்த்திருக்கிறாயா?" என்றார்.

யோசித்தேன். பார்த்ததில்லை. ஆனால் பெரிய புத்தகத்தில் ஞாயிறு ஒருநாளும் வெற்றாக இருந்ததும் இல்லை.

"திங்கட்கிழமை இரண்டு நாள் தண்ணீரும் போத்தலில் ஒன்றாகக் கிடக்கும். அதைப் பிரித்து எழுதுவேன். ஞாயிறு எவ்வளவு, திங்கள் எவ்வளவு என்று எனக்கு எப்படித் தெரியும்? நான் படுத்தால் பிணம். உன் அம்மாவுக்குத்தான் இரவெல்லாம் தகரச் சத்தம் கேட்கும். அவளிடம் கேட்டுப் பிரிப்பேன். அவள் காது நல்ல காது." கொஞ்சம் நிறுத்தினார். அம்மா போய் ஆறு வருடம். "உன் முப்பத்தெட்டையும் அவளிடம்தான் கேட்டேன். நாற்பது இருக்கும் என்றாள். சரி, பக்கத்தில்தானே நிற்கிறது என்று விட்டுவிட்டேன்."

தங்கச்சி தேத்தண்ணீர் கொண்டுவந்து வைத்தாள். மவுசாக்கலைப் பக்கமிருந்து மூட்டம் ஏறிக்கொண்டிருந்தது. சற்று நேரத்தில் தகரத்தில் நாலைந்து சொட்டு விழுந்தது, பிறகு ஒரே இரைச்சல். அப்பா கண்ணை மூடிக்கொண்டு கேட்டுக்கொண்டிருந்தார். மழை விடுவதற்கு முக்கால் மணி நேரம் ஆகியிருக்கும்.

"பன்னிரண்டு" என்றார்.

"பதினைந்து" என்றேன் நான்.